இந்தக் குளிருக்கு மூங்கில் என் பொறுப்பு

ஜனவரி 4, ஞாயிறு

காலை −2. காற்றில்லை. நாளை விடியப் பனி கொட்டும் என்று டேனிஷ் டிவியில் இரண்டு தரம் சொன்னார்கள். இவர் நாலு தரம்.

மாதா கோவில் பூசையால் வந்து, உடுப்பு மாற்றி, நேரே தோட்டம். மூங்கில் கட்டும் வேலை. ஏழு வருடமாக அது இவருடையது. ஒவ்வொரு நவம்பர் கடைசியிலும் கட்டி முடிப்பார். நான் சமைத்தபடி குசினி யன்னலால் பார்த்ததோடு சரி. போன நவம்பர் நடுவில் இவருக்கு நெஞ்சைத் திறந்து பைபாஸ். அந்த நேரம் மூங்கிலை யார் நினைத்தது? இவர் நினைத்தாராம். ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்துகொண்டே. இன்றைக்குத்தான் வாய் திறந்தார்.

நெஞ்செலும்பு ஒட்டும் வரை இரண்டு கிலோவுக்கு மேல் தூக்கக் கூடாது, தள்ளக் கூடாது, இழுக்கக் கூடாது. ஆகவே நான்.

மொத்தக் கணக்கு: வேலியோரம் மூன்று பற்றை. வீட்டுக்குப் பின்னால் கல் பதித்த டெராஸில் பெரிய சாடிகளில் இரண்டு. வேலிக்கு அந்தப் பக்கம் பிர்கிட் வீடு. ஓய்வு பெற்ற ரீச்சர், தனிய இருக்கிறார். அவருடைய குசினி யன்னல் எங்கள் படுக்கையறையை நேரே பார்க்கும். மூங்கில் நிற்பதால் பார்க்காது. மூங்கிலால் எனக்குத் தெரிந்த நன்மை அது ஒன்றுதான். மற்றப்படி இலை கொட்டும், சப்பாத்தில் ஒட்டி வீட்டுக்குள் வரும்.

இவர் சொல்லச் சொல்ல எழுதியது (மறந்துவிடுவேன்):

– தடிகளைச் சேர்த்துக் கட்டினால்தான் பனிப் பாரத்துக்கு விரிந்து சாயாது
– இறுக்கக் கூடாது. இரண்டு விரல் நுழைய வேண்டும்
– மூன்று இடத்தில்: முழங்கால், இடுப்பு, தலைக்கு மேல்
– நைலோன் கயிறு வெட்டும். துணி
– அடியில் கிடக்கும் இலையைக் கூட்டி அள்ள வேண்டாம். வேருக்கு அதுதான் போர்வை
– சாடி இரண்டும் வீட்டுச் சுவரோடு. சுற்றிப் பொதிய வேண்டும்

பழைய கட்டில் விரிப்பைக் கிழித்தேன். இரண்டு பற்றைக்குத்தான் காணும், அந்த இரண்டையும் கட்டினேன். மூன்றாவதுக்குத் துணி முடிந்தது, வெளிச்சமும் முடிந்தது. ஒரு சாடியைக் கால்மிதியில் ஏற்றிச் சுவர் வரை இழுத்தேன். மற்றது அசையவில்லை. நாளைக்குப் பார்க்கலாம்.

இவர் யன்னலுக்குள் கதிரையில். ஆஸ்பத்திரியில் கொடுத்த சின்னத் தலையணை நெஞ்சோடு. இருமல் வந்தால் அணைத்துப் பிடிக்க. ஒரு கையால் தலையணை, மறு கையால் எனக்குச் சைகை. விளங்கவில்லை. விளங்கினமாதிரித் தலையாட்டினேன்.

சோறு, மீன் குழம்பு, கத்தரிக்காய். உப்புப் பாதி. உப்பில்லை என்று இவர் சொல்லவில்லை. முகம் சொன்னது.

ஜனவரி 5, திங்கள்

சொன்னபடி பனி. விடிய ஐந்துக்கே கனதி. பஸ் இருபது நிமிடம் பிந்தி. வேலை 7–15. நான் வேலை செய்யும் இல்லத்தில் வயதானவர்கள் எல்லாரும் யன்னலோரம். கஞ்சியைத் தொட ஆளில்லை.

மூன்றரைக்கு வீடு. கட்டிய இரண்டும் நிமிர்ந்து நின்றன. (நான் கட்டியது!) கட்டாத மூன்றாவது, குடை விரித்தமாதிரி நாலு பக்கமும் சாய்ந்து, பாதி பிர்கிட்டின் வேலிக்கு மேல். வேலிப் பலகை இரண்டு வெடித்துவிட்டது. நுனியெல்லாம் அந்தப் பக்கம், அவர் குருவிக்குத் தீனி வைக்கும் தட்டில்.

நாலு வருடத்துக்கு முன் இந்த மூங்கில் வேர் ஓடித் தன் புல்லுக்குள் வருமா என்று பிர்கிட் ஒரு நாள் கேட்டார். இது ஓடாத சாதி, நின்ற இடத்தில் கொத்தாகப் பெருக்கும் என்று இவர் விளக்கினார். விளக்கினது போதாதென்று செடியோடு கடையில் தந்த விபரத் துண்டைக் கொண்டுபோய்க் காட்டினார். அதோடு இரண்டு வீட்டுக்கும் இடையில் 'ஹாய்' மட்டும்.

கூட்டும் தும்புத்தடியை எடுத்து மேலிருந்து அடித்தேன். யன்னலில் டக் டக். இவர் மோதிர விரல். பிறகு ஒரு சாண் திறந்தார்.

"மேலயிருந்து அடியாதையும். கீழ குடுத்துத் தூக்கி மெல்ல உதறும்."

உதறினேன். முழுப் பனியும் என் கழுத்துக்குள்.

அப்போது பிர்கிட்டின் கதவு. சரி, வழக்குத்தான் என்று நினைத்தேன். தலையில் கம்பளித் தொப்பி, கையில் இலை வாரும் தடி. தன் பக்கத்திலிருந்து தடிகளைத் தூக்கத் தொடங்கினார். நான் இந்தப் பக்கம், அவர் அந்தப் பக்கம். பத்து நிமிடம். தடிகள் அரைவாசி எழும்பின.

பிறகு நின்று மூச்சு வாங்கியபடி மெதுவாகச் சொன்னார். தனக்கு என்ன சொல்வதென்று தெரியாமல் போனதாம். நவம்பரில் எங்கள் வீட்டு வாசலில் நிறையக் கார்கள் கண்டாராம். கறுப்பு உடுப்போடு ஆட்கள் வந்து போனார்களாம். அதற்குப் பிறகு இவரைத் தோட்டத்தில் காணவில்லையாம். அனுதாபக் கார்ட் ஒன்று வாங்கி எழுதி வைத்தாராம். எங்கள் சமயத்துக்கு என்ன சொல் பொருந்தும் என்று தெரியாமல் ஏழு கிழமை மேசை லாச்சிக்குள் கிடக்கிறதாம்.

நான் யன்னலைக் காட்டினேன். இவர் தலையணையோடு கை காட்டினார்.

பிர்கிட் இலை வாரியைக் கீழே போட்டுவிட்டு இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டார். பிறகு சிரிப்பு. நானும். வந்தவர்கள் கோவில் ஆட்கள், இவருக்காகச் செபமாலை சொல்ல வந்தவர்கள் என்றேன். நவம்பர் குளிருக்கு இந்த நாட்டில் யாரிடம்தான் கறுப்பு ஜக்கெற் இல்லை?

வேலிக்கு மன்னிப்புக் கேட்டேன். கையை அசைத்துவிட்டார். மூங்கிலை மட்டும் வெட்டிவிடாதே என்றார். பின்னேரத்தில் சிட்டுக்குருவிகள் அதற்குள்தான் அடைகின்றனவாம். தினமும் எண்ணுவாராம்.

உள்ளே வந்து இவரிடம் சொன்னேன். "அப்ப நான் செத்துப்போனன் எண்டு நினைச்சவவோ?" முதலில் திகைப்பு. சாப்பிடும்போது திடீரென்று சிரித்தார், தலையணையைத் தேடினார், சிரித்தாலும் நெஞ்சு நோகும். "அந்தக் கார்ட்டை வாங்கி வையும், எப்பவோ தேவைப்படும்." பேச்சைப் பார்.

ஜனவரி 6, செவ்வாய்

மூவிராசாக்கள் திருநாள். எனக்கு வேலை லீவு. −9.

இன்று செய்த பிழை. எழுதித்தான் வைக்க வேண்டும்.

இவர் படுத்திருக்க, மூன்றாவது பற்றையையும் கட்டி முடித்து எழும்பும்போது காட்டலாம் என்று எட்டரைக்கே வெளியே போனேன். வேறொரு விரிப்பையும் கிழித்துக்கொண்டு. நேற்று மிஞ்சிய பனி இரவு ஐஸ் ஆகிவிட்டது. தடிகள் கண்ணாடி பூசினமாதிரி. பிடித்து உலுக்கினேன். ஒரு சத்தம், முறுக்குக் கடித்தமாதிரி. விளங்கும் முன் இன்னொரு உலுக்கு. ஏழு தடி முறிந்தது.

திரும்பினால் இவர் வாசலில், செருப்போடு.

"விடும், ஜெசி."

அவ்வளவுதான். உள்ளே போய்விட்டார். ஏசியிருந்தால் நானும் ஏசியிருப்பேன். ஏசவில்லை. புட்டும் சம்பலும் அப்படியே. காலைக் குளிசை ஐந்தும் போட்டார், நான் தந்த தண்ணீரில், என்னைப் பார்க்காமல்.

எனக்கும் கோபம். வேலை, சமையல், குளிசைப் பெட்டி, டொக்டர் கடிதம், இப்போது மூங்கில். யார் கேட்டது மூங்கில்? மதியம் முழுக்க அயன் பெட்டியால் உடுப்பு மினுக்கினேன். மேசை துடைக்கும் துணியையும் மினுக்கினேன்.

இரவுச் சாப்பாட்டில் இவராகவே தொடங்கினார். உறைந்த தடிக்கு வளைவு இல்லை, முறியும். ஐஸ் பிடித்தால் தொடவே கூடாது, தானாகக் கரைய விட வேண்டும்.

"நான் நேற்றே சொல்லியிருக்க வேணும். எல்லாத்தையும் சொல்லிச் சொல்லி உம்மைக் கரைச்சல் படுத்துறன் எண்டு விட்டிட்டன்."

"சொல்லுங்கோ. கரைச்சல் எண்டாலும் சொல்லுங்கோ."

முறிந்ததையும் வெட்ட வேண்டாமாம், வசந்தம் வரை. இலை பச்சையாக இருக்கும் மட்டும் அது வேருக்கு வேலை செய்யுமாம். புட்டைச் சூடாக்கிக் கொடுத்தேன். இரண்டாம் தரமும் கேட்டார்.

ஜனவரி 10, சனி

−4. வெயில். மகள் மெலனி ஒடென்சேயிலிருந்து வந்தாள். காரிலிருந்து இறங்கியவை: குமிழிப் பிளாஸ்டிக் ஒரு சுருள், கன்றுகளுக்குப் போர்த்தும் வெள்ளைத் துணி, ஸ்டைரோபோம் தட்டு, எனக்கு ஒரு கைக் கிறீம்.

வந்ததும் டேனிஷில் தொடங்கினாள். எல்லாவற்றையும் வெட்டி எறிந்துவிட்டு ஒரு மர வேலி போட்டால் ஒரு நாள் வேலை, அம்மா, ஏன் இந்தப் பாடு? இவர் கேட்டுக்கொண்டிருந்தார். நான் சொன்னேன், அடியில் போட ஊசியிலைக் கொப்பு வேண்டும், வா என்று. என் வாயிலிருந்து அது வந்ததும் இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள்.

தெரு முனையில் நத்தார் மரங்கள் குவிந்து கிடக்கின்றன, கிறிஸ்மஸ் முடிந்து எல்லா வீட்டாரும் எறிந்தவை. நாலு மரம் இழுத்து வந்தோம், நான் இரண்டு, அவள் இரண்டு. மூன்றாவதை இழுக்கும்போது எங்கள் கோவில் சிசிலியா காரை நிறுத்தினா.

"ஜெசிந்தாக்கா, நத்தார் முடிஞ்சுதெல்லே?"

மூங்கிலுக்கு என்றேன். அவ முகத்தில் இருந்த இரக்கத்தைப் பார்த்தால், இவரோடு சேர்ந்து எனக்கும் ஏதோ நடந்துவிட்டது என்று நினைத்திருப்பா. நாளைக்குப் பூசையில் எல்லாருக்கும் தெரிந்திருக்கும். தெரியட்டும்.

வெயிலில் ஐஸ் விட்டிருந்த மூன்றாவது பற்றையையும் கட்டி, கொப்பு வெட்டி மூன்று பற்றைக்கும் முழங்காலளவு அடுக்கினோம். ஒரு மரத்தில் வெள்ளிச் சரிகை சுற்றியிருந்தது. மெலனி கழற்ற விடவில்லை. மற்றச் சாடியையும் இரண்டு பேருமாகச் சுவருக்கு நகர்த்தி, அடியில் தட்டு வைத்து, பிளாஸ்டிக்கால் சுற்றினோம். ஆறு நாள் வெளியில் நின்றுவிட்டது. இவர் யன்னலால் தமிழில் சொல்ல, அவள் "யா யா, ஃபார்" (ஓம் ஓம், அப்பா) என்றபடி சொன்னதைச் சரியாகச் செய்தாள். அவள் போன பிறகு இவர்: "கை நல்ல பழக்கமாயிருக்கு பிள்ளைக்கு." வேலி போடச் சொன்னதை மறந்துவிட்டார்.

குளித்த பிறகும் கையில் நத்தார் மர வாசம். கைக் கிறீமுக்கு மேலும்.

ஜனவரி 14, புதன்

+4. கூரையெல்லாம் சொட்டு.

வேலை 7–15. வீட்டுக்கு வந்தால் குசினித் தரை முழுக்கத் தண்ணீர். குசினியிலிருந்து டெராஸ் கதவு வரை சேற்றுக் கால். போயும் வந்தும். கதிரை வெறுமை. சப்பாத்தும் கழற்றாமல் ஒவ்வொரு அறையாகத் தேடினேன்.

இவர் குளியலறையில் கால் கழுவிக்கொண்டிருந்தார்.

உறையாத நாளில் மூங்கிலுக்குத் தண்ணீர் விட வேண்டுமாம். குளிர்காலத்தில் இலை பச்சையாகவே நிற்கும், தண்ணீர் கேட்கும். நிலம் உறைந்தால் வேரால் எடுக்க முடியாது. குளிரால் சாவதைவிடத் தாகத்தால் சாவதுதான் கூடவாம். வெளிப் பைப் குளிருக்குப் பூட்டியாயிற்று. ஆகவே குசினியிலிருந்து ஜக்கில்.

"இது ஒரு லீற்றர் ஜக். ஒரு லீற்றர் ஒரு கிலோ. ரெண்டுக்குள்ளதானே."

"எத்தினை தரம் போனனீங்கள்?"

"எண்ணேல்லை."

"டெராஸ் முழுக்க ஐஸ் கரைஞ்சு வழுக்குது. விழுந்திருந்தா? மூண்டரை வரைக்கும் ஆர் பாக்கிறது?"

நான் நிறையப் பேசினேன், எழுத விருப்பமில்லை. நெஞ்சுக்குள் கம்பி போட்டு வைத்திருக்கிறார்கள், மூங்கிலா பெரிது என்றும் கேட்டேன். அழுகை வந்துவிட்டது. தரையைத் துடைக்கக் குந்தினேன். இவர் பின்னால் வந்து கதிரையில் இருந்தார். சொன்னார்:

"பயமில்லாமல் போகேல்லை, ஜெசி. ஒப்பரேசன் முடிஞ்ச நாளிலயிருந்து ஒவ்வொரு நாளும் பயம்தான். நீர் வேலைக்குப் போன உடனை தொடங்கும். கதிரையில இருந்து பயப்பிடுறதைவிட வெளியில நிண்டு பயப்பிடலாம் எண்டு போனனான்."

இரண்டு மாதமாக ஒரே வீட்டில். எனக்கு இது தெரியாது. நான் இரத்த அழுத்தம் எழுதுகிறேன், நிறை எழுதுகிறேன். இதை நான் கேட்கவே இல்லை.

தரை காய்ந்த பிறகும் துடைத்துக்கொண்டிருந்தேன்.

ஜனவரி 15, வியாழன்

+2. மழைத் தூறல்.

காலைத் தேநீரோடு ஒப்பந்தம். இவர் ஒரு நாளுக்கு ஒரு தரம் வெளியே போகலாம். பதினொரு மணிக்கு, வெளிச்சத்தில். சப்பாத்துக்கு வழுக்காத முள்ளுப் பட்டி போட வேண்டும். தொப்பி. போன் சட்டைப் பையில். ஜக் அரைவாசிதான். ஐஸ் நாளில் டெராஸ் விளிம்போடு சரி. இவர் எல்லாவற்றுக்கும் ஓம் என்றார். அவ்வளவு சுகமாக ஓம் சொன்னதில் எனக்குக் கொஞ்சம் சந்தேகம்.

பின்னேரம் பிர்கிட்டின் மணியை அடித்தேன். பதினாறு வருட அயல், முதல் தரம் அவர் வாசல்படி. நம்பர் கொடுத்தேன், விஷயத்தைச் சொன்னேன், இவர் மேல் ஒரு கண் வைக்க முடியுமா என்று. தான் குருவிக்குத் தீனி வைப்பது எட்டு மணிக்கு, இனிப் பதினொன்றுக்கு வைக்கலாம், குருவிகளுக்கு மணிக்கூடு தெரியாது என்றார்.

ஜனவரி 21, புதன்

−7, கிழக்குக் காற்று. முகத்தை அறுக்கிறது.

காலை வெளிக்கிடும்போது பார்த்தால் மூங்கில் இலை எல்லாம் சுருண்டு, ஊசிமாதிரி. போச்சுது என்று நினைத்து உள்ளே ஓடிப்போய் இவரை எழுப்பினேன். எட்டிப் பார்த்தார், திரும்பப் படுத்தார். தண்ணீரைச் சேமிக்கத் தன் இலையைத் தானே சுருட்டுமாம். குளிர் குறைந்தால் விரியுமாம். "அதுக்குத் தெரியும். நீர் பஸ்ஸைப் பிடியும்."

வெள்ளைத் துணியைக் கிழக்குப் பக்கம் கட்டியிருந்தேன். காற்று பிய்த்துக்கொண்டு போய்ப் பிர்கிட்டின் ஆப்பிள் மரத்தில் தொங்கவிட்டிருக்கிறது. பேய்மாதிரி.

இல்லத்தில் சாப்பாட்டு நேரம் போனில் பிர்கிட்டின் செய்தி. ஐந்து நாளாகத் தினமும் வருகிறது. இன்றையது:

11.04 வெளியே. 11.16 உள்ளே. தொப்பி போட்டிருந்தார். என்னோடு இலை பற்றிக் கதைத்தார். ஜக் நிறைய இருந்தது, சுவரோடு நிற்கும் சாடிகளுக்கு (அவை உறையவில்லையாம்), சொல்ல வேண்டாம் என்றார்.

ரீச்சர் ரீச்சர்தான். தனியச் சிரித்தேன். கூட வேலை செய்யும் பிள்ளை, யார், காதலனா என்று கேட்டாள். ஓம் என்றேன்.

வீட்டில் நிறைய ஜக் பற்றிக் கேட்கவில்லை. முகம் சிவந்து நல்ல நிறமாயிருந்தது. மூன்று துண்டு பாண் சாப்பிட்டாராம்.

வாங்க: பருப்பு, வெண்டிக்காய் (இருந்தால்), துணி கட்டக் கிளிப், குருவித் தீனி (பிர்கிட்டுக்கு, பெரிய பை).

பெப்ரவரி 5, வியாழன்

0. பனிப்புகார். தெருவில் முன் கார் தெரியவில்லை.

பன்னிரண்டாம் கிழமைச் செக்கப். நான் லீவு. ஆஸ்பத்திரி வரை நான் கார் ஓட, இவர் பக்கத்தில் வாய்க்குள் ஏதோ முணுமுணுத்தபடி. செபம் என்று நினைத்து ரேடியோவை நிறுத்தினேன்.

படம் எடுத்தார்கள். இருதயத் துடிப்புப் பார்த்தார்கள். இளம் டொக்டர், பெண், மெலனி வயது. எலும்பு ஒட்டிவிட்டது. நல்லாயிருக்கிறது. தூக்கலாம், மெதுமெதுவாகக் கூட்டலாம். கார் ஓடலாம். எனக்கு அதற்குமேல் காதில் ஏறவில்லை.

ஏதாவது கேள்வி உண்டா என்று கேட்டா. இவர் நிமிர்ந்து இருந்து, தொண்டையைச் செருமி, வரும் வழியெல்லாம் மனனம் செய்த டேனிஷ் வசனத்தைச் சொன்னார்: நான் மூங்கிலிலிருந்து பனியை உதறலாமா?

டொக்டர் என்னைப் பார்த்தா. திரும்பவும் சொல்லச் சொன்னா. மூங்கில் என்று உறுதியான பிறகு, எவ்வளவு உயரம் என்று கேட்டா. இவர் கையை உயர்த்திக் காட்டினார். தலைக்கு மேல், நேராக, முழுக்க. நவம்பருக்குப் பிறகு அந்தக் கை அவ்வளவு உயரம் போய் நான் காணவில்லை. நோகிறதா என்று கேட்டா. இல்லை என்றார். அப்படியானால் கீழ்த் தடிகளில் தொடங்கு என்றா.

வெளியே வந்ததும் நடைபாதையில் நின்று கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கண்ணாடியில் ஒன்றும் இல்லை. நானும் நின்றேன். வண்டிலில் ஒரு கிழவரைத் தள்ளிக்கொண்டு போனார்கள், ஒதுங்கி வழி விட்டோம்.

வரும் வழியில் இரண்டு பேருக்கும் ஒரு கேக். ஒன்றே ஒன்று, பாதி பாதி.

பெப்ரவரி 14, சனி

−1. இரவு ஈரப் பனி, கனதியானது.

இரண்டு பேரும் வெளியே. இவர் கீழ்த் தடி, நான் மேல். ஐஸ் இல்லை, வெறும் பனி, உதறலாம் என்று விரலால் தொட்டுப் பார்த்து இவர் தீர்ப்புச் சொன்ன பிறகுதான். தும்புத்தடியைக் கீழே கொடுத்து, தூக்கி, மெல்ல. எனக்கு இப்போது வரும்.

இரண்டாவது பற்றையில் இவர் நின்றுவிட்டார். முகம் வெளிறி. கையை நெஞ்சில் வைத்தார். படியில் இருத்தினேன். நாடியை எண்ணினார், ஆஸ்பத்திரியில் பழக்கினபடி. நான் அவருடைய உதட்டையே பார்த்தபடி.

"களைப்பு. அவ்வளவுதான். பயந்திட்டீரோ?"

"நீங்கள்?"

"நானும்தான்."

அப்படியே படியில் பத்து நிமிடம். மீதியை நான் உதறினேன். இவர் இருந்தபடி சொல்லிக்கொண்டிருந்தார், அது, அந்தா அது, இடப்பக்கம். ஒரு தடியும் முறியவில்லை.

மதியம் ஆட்டிறைச்சி, கொழுப்பு நீக்கினது. மெலனி போனில். மூங்கில் படம் அனுப்பச் சொன்னாள். நான் சொல்லாமலே கேட்டாள்!

மார்ச் 3, செவ்வாய்

+7. மண் வாசம். தவக்காலம், இறைச்சி இல்லை, பயத்தங்காய்.

கட்டு அவிழ்க்கும் நாள். துணி எல்லாம் ஊத்தை, எறிந்தேன். கொப்புகளை அள்ளினோம், கீழே மண் மெத்தென்று, கறுப்பாக. மூன்று பற்றையும் அவிழ்த்ததும் ஒரு மூச்சு விட்டமாதிரி விரிந்தன. வெளி இலை கொஞ்சம் மண்ணிறம். இவர் ஒவ்வொரு தடியாக நகத்தால் சுரண்டிப் பார்த்தார். பச்சை. பச்சை. பச்சை. நான் முறித்த ஏழு தடியையும் அடியோடு வெட்டினார், தானே. ஒவ்வொரு வெட்டுக்கும் நின்று மூச்சு வாங்கி.

சாடியில் இருந்த ஒன்று செத்துவிட்டது. அந்த ஆறு நாள் வெளியில் நின்றது. சுரண்டினால் வைக்கோல் நிறம், அடியில் புளித்த மணம். என்னால்தான் என்றேன். அன்றைக்கே யாரையாவது கூப்பிட்டு நகர்த்தியிருக்கலாம்.

இவர் சாடியைச் சுற்றி வந்தார். அவருக்குக் கவலைதான், தெரியும். அதுதான் முதல் வாங்கினது.

"அஞ்சில நாலு நிக்குது. நான் கட்டின வருசங்களிலயும் அப்பிடித்தான். ஒண்டு செத்து, வேற வாங்கி வைச்ச வருசமும் இருக்கு. உமக்குச் சொல்லேல்லை."

பிர்கிட் வேலிக்கு வந்தார். வெடித்த பலகை இரண்டையும் புதிதாகப் போட இவர் மரம் அளந்து வைத்திருந்தார். பிர்கிட் வேண்டாம் என்றார். கழற்றிவிடச் சொன்னார், சுற்றி வர முழங்கால் நோகிறதாம். கழற்றியதும் அந்த இடைவெளியாலேயே, ஒரு காலைத் தூக்கி, எங்கள் பக்கம் வந்துவிட்டார். கையில் ஒரு காகித உறை. இவரிடம் கொடுத்தார். அந்தக் கார்ட். இவர் எழுத்துக்கூட்டி வாசித்தார். தன்னைப் பற்றி இவ்வளவு நல்லதாக, உயிரோடு இருக்கும்போது, ஒருவரும் எழுதவில்லையாம். குளிர்சாதனப் பெட்டியில் காந்தத்தால் ஒட்டிவிட்டார்.

தேநீர் போட்டேன். பிர்கிட்டுக்குப் பால் வேண்டாம், சீனி இரண்டு. தேநீருக்குப் போட்ட இஞ்சி அவருக்குப் பிடித்துக்கொண்டது.

மார்ச் 15, ஞாயிறு

+5. மழை வந்து போயிருக்கிறது. வெளிச்சம் ஆறரைக்கே.

எழும்பி உடுப்பு எடுத்து வைத்தேன். சீலை மினுக்கினேன். ஏழரைக்குக் கோப்பி போட்டேன். மூங்கிலுக்குள் குருவிச் சத்தம் தாங்க முடியாது. பதினொரு மணிப் பூசைக்கு இவர்தான் கார் ஓடுவது என்று நேற்றே முடிவு. கார்த் திறப்பையும் தன் மேசையில் எடுத்து வைத்திருக்கிறார்.

எட்டு. ஒன்பது. எழும்பவில்லை. செக்கப்புக்குப் பிறகு இவர் ஒருநாளும் ஏழு தாண்டிப் படுத்ததில்லை. கதவைத் திறந்தேன், மெல்ல.

நவம்பரிலிருந்து இவர் மல்லாந்துதான் படுப்பார். பக்கம் திரும்ப விடவில்லை. விட்ட பிறகும் திரும்பவில்லை. நெஞ்சு பிளந்துவிடும்போல் இருக்கிறதாம். நாலு மாதம், பெட்டிக்குள் வைத்தமாதிரி நேராக, இரண்டு கையும் நெஞ்சில். நான் பக்கத்தில் கிடந்து பார்க்க மாட்டேன்.

இன்றைக்கு இடப்பக்கம் திரும்பி, கால் இரண்டையும் மடக்கி, கன்னத்துக்குக் கீழே கை. வாய் திறந்தபடி. என் தலையணையையும் இழுத்து வைத்துக்கொண்டிருக்கிறார்.

கிட்டப் போய்க் குனிந்து பார்த்தேன். மூச்சு நல்ல சீராக.

பத்து இருபது. பூசைக்கு வெளிக்கிட வேண்டிய நேரம் போய்விட்டது. எழுப்பவில்லை.